புழு புல்லில் இருக்கிறது

ஆடு மாடு வளர்ப்போர் நம்மிடையே இன்றும் இருக்கிறார்கள். தோட்டத்தை விட்டு வெளியேறி ஊரோரம் குடியேறிய குடும்பங்களிலும்கூட, வீட்டுக்குப் பின்னால் நாலு ஆடு கட்டி வைத்திருப்பவர்களைக் காண்கிறோம். அவர்களுக்கு அவை கையிருப்புப் பணம். பள்ளி திறக்கும் நேரத்திலும், தீபாவளிக்கு முந்திய வாரத்திலும், வீட்டில் ஒரு நல்ல காரியம் வரும்போதும் கைகொடுப்பவை அவையே. அந்தக் கையிருப்பை ஓசையில்லாமல் கரைத்துவிடும் ஒன்றைப் பற்றி இன்று பேசவிருக்கிறோம். மேய்கின்ற கால்நடைகளின் வயிற்றிலும் குடலிலும் வாழும் புழுக்களே அவை.

நாங்கள் பள்ளிக்கூடத்தில் பாடம் சொல்லித் தருகிறவர்கள். கால்நடை மருத்துவர்கள் அல்லர். எனினும் தோட்டப் பள்ளி ஆசிரியரிடம் பிள்ளையின் படிப்பைப் பற்றி மட்டுமா கேட்கிறார்கள்? "சார், பூச்சி மருந்து வாங்கி ஊற்றினோம், ஒன்றும் கேட்கவில்லை. கடைக்காரன் போலி மருந்து கொடுத்துவிட்டானா?" என்று கேட்பவர்கள் உண்டு. மருந்து பெரும்பாலும் நல்ல மருந்தாகவே இருக்கும். கோளாறு வேறு இடத்தில் இருக்கிறது. அது எங்கே என்பதுதான் இன்றைய பேச்சு.

முதலில் எதிரியை அறிந்துகொள்வோம். ஆடு மாடுகளின் குடலில் குடியிருக்கும் புழுக்கள் பல வகை. உருண்டைப் புழு, நாடாப்புழு, ஈரலில் தங்கும் இலை போன்ற தட்டைப்புழு என்று அவற்றைப் பிரிப்பார்கள். இவை எல்லாமே ஒரே அளவில் கெடுதல் செய்பவை அல்ல. புழுக்கையோடு வெள்ளை அரிசி போல விழும் நாடாப்புழுத் துண்டுகளைக் கண்டு நாம் பதறுகிறோம். வளர்ந்த ஆட்டுக்கு அதனால் பெரிய கேடு நேர்வதில்லை. கண்ணில் படாத ஒன்றுதான் ஆட்டைக் கொல்கிறது. விஞ்ஞானிகள் அதற்கு ஹீமோங்கஸ் என்று பெயர் சூட்டியிருக்கிறார்கள். மலேசியாவைப் போன்ற வெப்பமும் மழையும் மிகுந்த நாடுகளில் வெள்ளாட்டுக்கும் செம்மறிக்கும் முதற்பகை இதுதான்.

அசைபோடும் பிராணிகளுக்கு வயிறு நான்கு அறைகள் கொண்டது என்று ஆரம்பப் பள்ளியிலேயே படித்திருப்போம். இந்தப் புழு நான்காவது அறையில், அதாவது நம்முடைய இரைப்பைக்கு ஒப்பான அறையில் வாழ்கிறது. நீளம் இரண்டு மூன்று சென்டிமீட்டர். கனம் தையல் நூலளவு. பெண் புழுவின் உடலில் இரத்தம் நிறைந்த சிவப்புக் குடலும் வெள்ளைக் கருப்பையும் ஒன்றையொன்று சுற்றிக்கொண்டிருக்கும். முடிதிருத்தும் கடை வாசலில் சிவப்பும் வெள்ளையுமாய்ச் சுழலுமே ஒரு கம்பம், அதைப் போலத் தோன்றுவதால் வெள்ளைக்காரர்கள் அந்தக் கம்பத்தின் பெயரையே இதற்கு வைத்துவிட்டார்கள்.

இதன் வேலை இரத்தம் உறிஞ்சுவது. ஒரு புழுவினால் நாளொன்றுக்கு ஆடு இழக்கும் இரத்தம் ஏறக்குறைய 0.05 மில்லிலிட்டர். இது ஒரு சொட்டு அளவுதான். ஆனால் ஓர் ஆட்டின் வயிற்றில் ஆயிரம் புழுக்கள் இருப்பது அதிசயமன்று. அப்படியானால் ஒரு நாளைக்கு 50 மில்லிலிட்டர் ஆகிறது. 20 கிலோ எடையுள்ள ஆட்டின் உடம்பில் உள்ள மொத்த இரத்தமே ஒன்றேகால் லிட்டர் அளவுதான். இருபத்தைந்தில் ஒரு பங்கை ஒவ்வொரு நாளும் இழந்துகொண்டிருந்தால், எவ்வளவு புல் தின்றாலும் அந்த ஆடு எப்படித் தேறும்?

இங்கே ஒரு செய்தியைச் சற்று அழுத்திச் சொல்ல வேண்டும். வயிற்றில் புழு இருந்தால் கழிச்சல் கண்டிருக்கும் என்பது நம்மவர்களின் நம்பிக்கை. மற்றச் சில புழுக்களுக்கு அது பொருந்தும். இந்த இரத்தம் உறிஞ்சும் புழு மட்டும் இருந்தால் கழிச்சல் இருப்பதில்லை. புழுக்கை உருண்டையாக, சாதாரணமாகவே விழும். ஆகவே ஆட்டுக்காரர் ஏமாந்துபோகிறார். ஆடு மந்தையின் பின்னால் தங்குகிறது, படுத்துப் படுத்து எழுகிறது, மயிர் சிலிர்த்து நிற்கிறது. "மழையில் நனைந்தது, அதனால்தான்" என்கிறார். அல்லது யாரோ கண் வைத்துவிட்டார்கள் என்று மிளகாய் சுற்றிப் போடுகிறார். சில நாளில் தாடைக்குக் கீழே நீர் கோத்துப் பை போலத் தொங்குகிறது. தலையைக் கீழே போட்டு மேய்ந்து திரும்பும் மாலையில் அது பெரிதாகவும், காலையில் வற்றினாற்போலவும் தெரியும். இரத்தத்தில் உள்ள புரதம் குறைந்துவிட்டதன் அடையாளம் அது. அந்த நிலையில் ஆடு விளிம்பில் நிற்கிறது என்று பொருள். குட்டிகளாக இருந்தால் அதற்கு முன்பே, கொழுகொழுவென்று இருக்கும்போதே, ஒரு நாள் காலையில் செத்துக் கிடக்கும்.

சரி, இந்தப் புழு எப்படி உள்ளே போகிறது? பெண் புழு ஒவ்வொன்றும் நாளொன்றுக்கு 5,000 முதல் 10,000 முட்டைகள் வரை இடும். அவை புழுக்கையோடு வெளியேறித் தரையில் விழுகின்றன. நம் நாட்டு வெயிலுக்கும் ஈரத்துக்கும் ஒரே நாளில் பொரித்துவிடுகின்றன. கண்ணுக்குத் தெரியாத இளம்புழு, புழுக்கையில் உள்ள நுண்ணுயிர்களைத் தின்று இருமுறை தோலுரித்து, நான்கு நாளிலிருந்து ஒரு வாரத்துக்குள் அடுத்த ஆட்டைத் தொற்றத் தயாராகிவிடுகிறது. பிறகு மழைநீர் அல்லது பனியின் மெல்லிய படலத்தில் நீந்திப் புல்லின் மேல் ஏறுகிறது. பெரும்பாலானவை புல்லின் அடிப்பாகத்திலேயே, தரையை ஒட்டினாற்போலத் தங்கிவிடும். ஆடு புல்லைக் கடிக்கிறது. புழுவும் உள்ளே போகிறது. மூன்று வாரத்தில் அது வளர்ந்து தானும் முட்டையிட ஆரம்பிக்கிறது.

கணக்கில் விருப்பமுள்ள நேயர்கள் கொஞ்சம் பெருக்கிப் பாருங்கள். ஐந்நூறு பெண் புழுக்கள் கொண்ட ஒரே ஓர் ஆடு, நாளொன்றுக்கு 25 இலட்சம் முட்டைகளையாவது மேய்ச்சல் தரையில் கொட்டிக்கொண்டு நடக்கிறது. அப்படியென்றால், எந்த ஒரு நேரத்திலும் ஆட்டின் வயிற்றில் உள்ள புழுக்கள் சிறுபான்மை. பெரும்பான்மை புல்லில் இருக்கிறது. நாம் மருந்து ஊற்றுவதோ வயிற்றில் இருக்கும் சிறுபான்மைக்கு மட்டும். காலையில் மருந்து கொடுத்து, மத்தியானம் அதே தரையில் மேயவிட்டால், வெளியேற்றியதை மறுபடியும் ஊட்டுகிறோம்.

தயாராகி நிற்கும் அந்த இளம்புழுவுக்கும் ஒரு பலவீனம் உண்டு. உரித்த தோலையே சட்டை போல மாட்டிக்கொண்டிருப்பதால் அதனால் உண்ண முடியாது. உடம்பில் சேர்த்து வைத்ததைச் செலவழித்தே உயிர் வாழ வேண்டும். குளிர் நாடுகளில் அசையாமல் கிடந்து பல மாதங்கள் தாக்குப்பிடிக்கும். நம் சமவெளியின் வெப்பத்திலோ துருதுருவென்று அலைந்து சேமிப்பைத் தீர்த்துவிடுகிறது. நாலைந்து வாரத்தில் பெரும்பாலானவை மாண்டுபோகின்றன. புழு பெருகுவதற்கு உதவும் அதே வெயில்தான் அதைச் சாகவும் அடிக்கிறது. இந்த உண்மையைச் சற்று நேரம் மனத்தில் வைத்திருங்கள். பிறகு இதற்கே வருவோம்.

மாடு வைத்திருப்பவர்கள், "எங்கள் மாடும் அதே புல்லைத்தானே மேய்கிறது, அது ஏன் சாவதில்லை?" என்று கேட்கலாம். நல்ல கேள்வி. மாடு ஆதியிலிருந்தே புல் மேயும் பிராணி. தலைமுறை தலைமுறையாய்ப் புழுவோடு புல்லைத் தின்று வந்ததால் அதன் உடம்பு எதிர்த்து நிற்கக் கற்றிருக்கிறது. ஏறக்குறைய இரண்டு வயதுக்குப் பிறகு நல்ல தீனி உள்ள மாட்டைப் புழு அதிகம் வாட்டுவதில்லை. வெள்ளாடு இயற்கையில் தழை தின்னி. பின்னங்காலில் நின்று கிளையை எட்டிக் கடிக்கும் பிராணிக்குத் தரையில் கிடக்கும் புழுவோடு பழக்கம் குறைவு. அதைக் கொண்டுவந்து சாலையோரத்திலும் திடலிலும் ஒட்ட மேய்ந்த கட்டைப் புல்லில் விட்டோம். பழகாத பகையோடு மோதவிட்டோம். நம் நாட்டுக் கச்சாங் ஆடு ஓரளவு தாங்கும். எடைக்காக வெளிநாட்டிலிருந்து கொண்டுவந்த பெரிய சாதி ஆடுகள்தாம் நம் மழையில் அதிகம் துன்பப்படுகின்றன.

மாட்டிலும் கன்றுகளின் கதை வேறு. அதிலும் எருமைக் கன்றுக்கும் மாட்டுக் கன்றுக்கும் ஒரு தனிப் புழு உண்டு. ஒரு சாணுக்கு மேல் நீளமுள்ள பெரிய உருண்டைப் புழு. இது புல் வழியாகக் கன்றை அடைவதில்லை; தாயின் பால் வழியாக அடைகிறது! பசுவின் உடம்பில் உறங்கிக் கிடக்கும் இளம்புழுக்கள் கன்று ஈன்றதும் விழித்துச் சீம்பாலிலும் பிந்திய பாலிலும் இறங்குகின்றன. பசுவுக்கு மருந்து கொடுத்தும் பயனில்லை; உறங்கும் புழுவை அது எட்டாது. கன்று பிறந்து இரண்டு வாரம் ஆகும் சமயத்தில் அதற்கு ஒரே ஒரு முறை உரிய மருந்தைக் கொடுத்தால், புழு முட்டையிடும் பருவத்தை அடையுமுன்பே ஒழிந்துவிடும். கன்று வெளுத்த களிமண் போலக் கழிந்து, வயிறு உப்பி, நாற்றமடிக்கும் வரை காத்திருக்கக் கூடாது. கழிச்சலைக் கண்டு பாலை நிறுத்திவிடுகிறவர்கள் சிலர் உண்டு. அது கன்றை இருமுறை தண்டிப்பதாகும்.

இனி மருந்துக்கு வருவோம். 1961-இல் தயாபெண்டசோல் என்னும் மருந்து விற்பனைக்கு வந்தபோது, புழுவின் கதை முடிந்தது என்றே உலகெங்கும் ஆட்டுக்காரர்கள் மகிழ்ந்தார்கள். மூன்றே ஆண்டுகளில், 1964-இல், அமெரிக்காவில் அந்த மருந்துக்குச் சாகாத புழுக்களைப் பற்றிய செய்தி வெளியாயிற்று. பிறகு லெவாமிசோல் வந்தது. 1981-இல் ஐவர்மெக்டின் வந்தது. ஜப்பானில் ஒரு கோல்ப் திடலுக்கு அருகே சத்தோஷி ஓமுரா என்னும் விஞ்ஞானி எடுத்த பிடிமண்ணில் இருந்த நுண்ணுயிர்தான் அதற்கு மூலம். அந்தக் கண்டுபிடிப்புக்காக அவருக்கும் வில்லியம் கேம்பெல் என்பவருக்கும் 2015-இல் நோபல் பரிசு கிடைத்தது. மனிதரின் கண்ணைக் குருடாக்கும் ஒரு நோயைத் தடுத்த மாபெரும் மருந்து அது. அதற்கும் ஆட்டுப்புழு பத்தாண்டுக்குள் பழகிக்கொண்டது. மலேசியாவின் நிலையைக் கேட்டால் திடுக்கிடுவீர்கள். சபா மாநிலத்தில் அரசாங்க இனப்பெருக்கப் பண்ணைகளில் செய்து 2004-இல் வெளியிட்ட ஓர் ஆய்வு, சோதித்துப் பார்த்த மருந்து வகைகள் எல்லாமே தோற்றுவிட்டன என்று கூறியது. படித்த அதிகாரிகள் நடத்தும் பண்ணையிலேயே இந்த நிலை என்றால், நம் வீட்டுப் பட்டியில் மருந்து கேட்கவில்லை என்பதில் வியப்பென்ன?

இது எப்படி நேர்கிறது? தோட்டத்தில் களைக்கொல்லி தெளித்தவர்களுக்கு நாம் விளக்க வேண்டியதே இல்லை. ஒரே மருந்தை ஆண்டுக்கணக்கில் அடித்தால், ஆயிரத்தில் ஒன்றாய் மருந்தைத் தாங்கும் களை தப்பிப் பிழைத்து, அதன் விதை மட்டும் பெருகி, கடைசியில் திடல் முழுதும் அதுவே ஆகிவிடும். மலாயில் சம்பாவ் என்று சொல்லும் புல் கிளைபோசேட்டுக்குச் சாகாமல் நின்றதை 1997-இல் நம் நாட்டில்தான் முதன்முதலாகக் கண்டார்கள். புழுவும் அப்படியே. மாதம் தவறாமல் எல்லா ஆட்டுக்கும் மருந்து ஊற்றினால், மருந்துக்குச் சாகிற புழுக்கள் எல்லாம் அழிந்து, சாகாத புழுக்களின் பிள்ளைகள் மட்டும் புல்லை நிரப்புகின்றன. அளவு குறைத்து ஊற்றுவது இன்னும் மோசம். ஒரு புட்டியை இருபது ஆட்டுக்குப் பங்கு போடுவது சிக்கனம் என்று தோன்றும். புழுவுக்கு அது பயிற்சி வகுப்பு. வெள்ளாட்டின் ஈரல் பல மருந்துகளைச் செம்மறியைவிட வேகமாக வெளியேற்றிவிடுகிறது. ஆகவே புட்டியில் செம்மறிக்கு என்று அச்சிட்ட அளவு வெள்ளாட்டுக்குப் பெரும்பாலும் போதாது. அதற்காக நாமே கூட்டிவிடவும் கூடாது. லெவாமிசோல் போன்றவை அளவு மீறினால் நஞ்சு. அல்பெண்டசோல் போன்றவற்றைச் சினை பிடித்த முதல் மாதத்தில் கொடுத்தால் கரு கெடும். எடையை அறிந்து, அளவைக் கால்நடை மருத்துவரிடம் கேட்டே கொடுக்க வேண்டும். பாலையும் இறைச்சியையும் எத்தனை நாள் தள்ளிவைக்க வேண்டும் என்பதையும் அப்போதே கேட்டுக்கொள்ளுங்கள். நேர்த்திக்கடன் கிடாவுக்குத் திருவிழாவுக்கு இரண்டு நாள் முன்னால் மருந்து ஊற்றுவது நல்லதன்று.

அப்படியானால் யாருக்குத்தான் மருந்து? இங்கேதான் தென்னாப்பிரிக்காவில் தோன்றிய ஓர் எளிய முறை நமக்கு உதவுகிறது. ஒரு மந்தையில் எல்லா ஆடும் ஒரே அளவில் புழுச் சுமப்பதில்லை. புழுக்களில் பெரும்பங்கு சில ஆடுகளிடமே இருக்கும். அந்தச் சில ஆடுகளைக் கண்டுபிடிக்க அவற்றின் கண்ணைப் பார்த்தால் போதும் என்று மாலான் என்ற கால்நடை மருத்துவர் எண்ணினார். பமாச்சா என்று அவர் பெயரையொட்டியே ஒரு வண்ண அட்டை உருவாயிற்று. ஆட்டின் மேலிமையை மெல்ல அழுத்தி, கீழிமையை விரலால் கீழே இழுத்து, உட்புறச் சதையின் நிறத்தை அட்டையில் உள்ள ஐந்து நிறங்களோடு ஒப்பிட வேண்டும். செக்கச்சிவந்திருந்தால் ஒன்று, காகிதம் போல் வெளுத்திருந்தால் ஐந்து. நான்குக்கும் ஐந்துக்கும் உடனே மருந்து வேண்டும். மூன்றாயிருந்து, அது குட்டியாகவோ சினையாகவோ பால் கொடுப்பதாகவோ இருந்தால் அதற்கும் வேண்டும். ஒன்றும் இரண்டுமாய் உள்ள ஆட்டைச் சும்மா விட்டுவிட வேண்டும். பகல் வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். மழை மாதங்களில் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை பார்ப்பது நல்லது. அட்டையைப் பயன்படுத்தும் விதத்தை ஒருமுறையாவது மருத்துவர் கையால் காட்டக் கற்றுக்கொள்ளுங்கள். பத்து வயதுப் பிள்ளைகூட இதைச் செய்துவிடும். எழுத்துக் கூட்டிப் படிப்பதைவிட எளிது.

"சும்மா விட்ட ஆட்டின் வயிற்றில் புழு இருக்குமே!" என்றால், இருக்கட்டும். அது மருந்தைக் காணாத புழு. மருந்துக்குச் சாகிற அந்தப் புழுவின் முட்டைகள் புல்லில் விழுந்து, சாகாத புழுவின் சந்ததியோடு கலக்கின்றன. அதனால்தான் நம் மருந்து இன்னும் சில ஆண்டுகள் வேலை செய்யும். எல்லாப் புழுவையும் ஒழித்துவிட வேண்டும் என்ற நம் ஆசைதான் மருந்தை ஒழித்தது.

இப்போது புல்லுக்குத் திரும்புவோம். முட்டை இளம்புழுவாகித் தொற்றுவதற்குக் குறைந்தது நான்கு நாள் வேண்டும். தொற்றும் புழு நம் வெப்பத்தில் நாலைந்து வாரத்தில் பெரும்பாலும் மடிந்துவிடும் என்று பார்த்தோம் அல்லவா? இரண்டையும் சேர்த்தால் வழி தானே பிறக்கிறது. ஓரிடத்தில் மூன்று நான்கு நாளுக்கு மேல் மேய்க்காதீர்கள். மேய்த்த இடத்துக்கு ஒரு மாதத்துக்கு முன் திரும்பாதீர்கள். பசிபிக் தீவுகளில் வெள்ளாடுகளைக் கொண்டு 1990-களில் இதைச் சோதித்தார்கள். நிலத்தைப் பத்துப் பகுதியாக்கி, ஒவ்வொன்றிலும் மூன்றரை நாள் மேயவிட்டால், திரும்பிவர 31 நாளுக்கு மேல் ஆகிறது. அந்த ஆடுகளுக்குத் தேவைப்பட்ட மருந்து வெகுவாகக் குறைந்தது. நம்மிடம் வேலியிட்ட பத்துப் பகுதிகள் ஏது? கயிற்றில் கட்டி மேய்ப்பவர்களுக்கு முளைக்குச்சியை நகர்த்தும் ஒழுங்கு போதும். ஒரே மரத்தடியில் மாதக்கணக்கில் கட்டிப்போடுவதுதான் ஆபத்து. செம்பனைக் காட்டில் மேய்ப்பவர்கள் நிரை நிரையாக மாற்றிக்கொண்டு போகலாம். ஆனால் அங்கே நிழலும் ஈரமும் அதிகம், புழு சற்று நீண்டே வாழும். ஒரு மாதம் என்பதைக் கூட்டிக்கொள்வது நலம்.

காலைப் பனி உலர்ந்த பிறகே ஆட்டை அவிழ்ப்பது நம் பெரியவர்களின் வழக்கம். அதில் உண்மை இருக்கிறது. ஈரம் காய்ந்ததும் இளம்புழு அடிக்கு இறங்கிவிடுகிறது. புல்லைத் தரையோடு ஒட்டக் கடிக்கவிடாமல் ஒரு சாண் உயரம் நிற்கும்போதே இடம் மாற்றுங்கள். இடவசதி இல்லாதவர்கள் உயரமான பலகைப் பரணில் கட்டி, நேப்பியர் புல்லையும் தழையையும் அறுத்துப் போடலாம். புழுக்கை இடுக்கு வழியே கீழே விழுந்துவிடும். தீனித் தொட்டியில் கலக்காது. பலா இலை, மரவள்ளித் தழை என்று உயரத்தில் முளைப்பவற்றில் இந்தப் புழு ஏறுவதில்லை. மரவள்ளியைக் கொய்தவுடன் கொடுக்காமல் வெயிலில் வாட்டிக் கொடுங்கள். பச்சையில் நஞ்சு உண்டு.

வேப்பிலையைப் பற்றிக் கேட்பீர்கள். நம் நாட்டு ஆராய்ச்சியாளர்கள் செம்மறிகளுக்குத் தினமும் வேப்பிலை கொடுத்துப் பார்த்தார்கள். புழு முட்டை பெரிதாகக் குறையவில்லை. ஆனால் சாணத்திலிருந்து வளரும் இளம்புழு குறைந்தது. ஆகவே கொடுப்பதில் பயன் இல்லாமலில்லை. கண் வெளுத்த ஆட்டுக்கு வேப்பிலை மட்டும் கொடுத்துக் காத்திருந்தால் ஆடு மிஞ்சாது.

வெளியிலிருந்து புதிதாய் ஆடு வாங்கும்போது ஆட்டோடு அதன் புழுவையும் வாங்குகிறோம். அது எந்த மருந்துக்கும் சாகாத புழுவாக இருக்கக்கூடும். புதிய ஆட்டை மந்தையில் விடாமல் இரண்டு வாரம் தனியே கட்டி, மருந்து கொடுத்து, சாணத்தைச் சோதித்த பிறகே சேர்க்க வேண்டும். சாணச் சோதனை பெரிய வித்தையன்று. புழுக்கையை அடர்ந்த உப்புநீரில் கரைத்தால் புழு முட்டைகள் மேலே மிதக்கும். அவற்றைக் கட்டம் போட்ட கண்ணாடியில் வைத்து நுண்ணோக்கியில் எண்ணுகிறார்கள். உப்புநீரில் கோழிமுட்டை மிதப்பதை நாங்கள் வகுப்பில் செய்து காட்டுகிறோமே, அதே தத்துவம்தான். மருந்து கொடுக்கும் நாளில் ஒரு முறையும், பத்துப் பதினான்கு நாள் கழித்து ஒரு முறையும் எண்ண வேண்டும். முட்டைகள் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்தாவது குறைந்திருக்க வேண்டும். அவ்வளவு குறையவில்லையென்றால் அந்த மருந்துக்கு உங்கள் மந்தையின் புழு பழகிவிட்டது. அதே புட்டியை மறுபடி வாங்குவது வீண்.

மாவட்டக் கால்நடை அலுவலகத்தில் கேட்டால் சோதனைக்கு வழி சொல்வார்கள். தரையில் கிடப்பதைப் பொறுக்கிக்கொண்டு போகாதீர்கள். ஆட்டிடமிருந்து அப்போதே விழுந்த புழுக்கையில் ஒரு கைப்பிடியைப் பிளாஸ்டிக் பையில் போட்டு, காற்றை வெளியேற்றிக் கட்டி, எந்த ஆடு, எந்தத் தேதி என்று எழுதி அன்றே சேர்த்துவிடுங்கள். அன்று முடியாவிட்டால் பனிக்கட்டியோடு குளிர வைத்திருந்து மறுநாள் காலையில் கொடுக்கலாம். வெயிலில் வைத்துவிட்டால் முட்டை பையிலேயே பொரித்துவிடும்; எண்ணுவதற்கு ஒன்றும் மிஞ்சாது.